இணைப்பில்லாத டெலிபோன்

டிவியில் இருந்த தியோடர் "ஹலோ" என்று சொல்லிவிட்டு வாயை மூடிக்கொண்டான். மூடிய பிறகும் யாரோ மூச்சு விடுவது கேட்டது. நாற்காலியில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்த தியோடர் தன் மூச்சை அடக்கிப் பார்த்தான். சத்தம் நிற்கவில்லை.

எங்கும் இணைக்காத டெலிபோனைக் காதில் வைத்து நாற்பது நிமிடம் ஹலோ சொல்வதுதான் அவனுடைய கலை. அவன் குடியிருக்கும் லிங்கராஜபுரத்தில் யாரிடம் சொன்னாலும் சிரிப்பார்கள். ஆனால் செவ்வாய்க்கிழமை கேலரியில் ஆறு டிவியில் அது ஓடியாக வேண்டும். நேற்று அவசரத்தில் கைக்குக் கிடைத்த வீடியோ கேசட்டை எடுத்தான். மேலே எதுவும் பதிவாகக் கூடாதென்று ஓரத்தில் உடைத்து வைத்திருந்த துளையில் செல்லோடேப் ஒட்டி, தன்னைப் பதிவு செய்தான். பின்பக்க லேபிளைப் பார்த்தது இன்று சர்ச்சுக்குப் போய்வந்த பிறகுதான்: ஸ்டெல்லா ஞானஸ்நானம், 1994.

மனைவி செலினைப் புதைத்து இரண்டு வருஷமாகிறது. அவள் நடந்ததும் சிரித்ததும் பேசியதும் அந்த ஒரு கேசட்டில்தான் இருந்தது. அம்மாவின் குரலே மறந்துபோன ஐந்து வயது மகள் ஸ்டெல்லாவுக்கு வேறென்ன இருக்கிறது? பாவி மனுஷன், அதையும் அழித்துவிட்டான்.

ஒரு துளியாவது மிஞ்சியிருக்காதா என்றுதான் மத்தியானத்திலிருந்து ஓடவிட்டுப் பார்த்துக்கொண்டிருந்தான். வெளியே மழை இருட்டிக்கொண்டு வந்தது. பக்கத்து வீட்டு ஞாயிற்றுக்கிழமைப் பிரியாணி வாசனை மெல்லமெல்ல அடங்கி, ஈர மண்ணின் வாடை ஜன்னல் பக்கமிருந்து வராமல் டிவி பக்கமிருந்து வர, ஒவ்வொரு ஹலோவுக்குப் பிறகும் அந்த மூச்சு இன்னும் கொஞ்சம் கிட்டே வந்தது.

"கேக்குதுங்க."

செலின்தான். தியோடர் தேம்பித் தேம்பி அழுதான். அழியாமல் தங்கிய பழைய ஒலி என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டான். ஞானஸ்நானத்தன்று யாரைப் பார்த்து அப்படிச் சொல்லியிருப்பாள் என்று யோசிக்க மனசு வரவில்லை. "ஸ்டெல்லா, ஓடி வா, மம்மி பேசறாங்க" என்று அவனேதான் கூப்பிட்டான்.

பச்சை கவுனும் உதட்டில் பால் மீசையுமாகப் பிள்ளை ஓடி வந்தாள். அவன் கேசட்டைச் சுற்றி மறுபடி போட்டான். அதே இடம். அதே ஹலோ. ஆனால் செலின் வேறு சொன்னாள்.

"பாப்பாகிட்ட ஃபோனக் குடுங்க."

டிவியை அணைத்தான். படம் போகவில்லை. பிளக்கைப் பிடுங்கினான். அப்போதும் போகவில்லை.

அவனுக்குப் பின்னால் ஸ்டெல்லா பேசிக்கொண்டிருந்தாள். "ம். சாப்ட்டேன். ம். வரேன் மம்மி."

திரும்பினான். இணைப்பில்லாத அந்த டெலிபோனின் ரிசீவர் தரையில் கிடந்தது. கதவு தாழிட்டபடியே இருந்தது. பிள்ளை இல்லை.

டிவியில் அவனும் இல்லை. சர்ச் வாசல். வெள்ளைச் சேலையில் செலின். இடுப்பில் கைக்குழந்தை இருக்கவேண்டிய இடத்தில் பச்சை கவுன். ஸ்டெல்லா அவனைப் பார்த்தாள். கத்த வாய் திறந்தாள். செலின், மண் அப்பிய கையால் மெதுவாக அவள் வாயைப் பொத்தினாள்.