தன் தாளைத் தானே திருத்தியவன்

முதல் விடைக்கு எட்டு மதிப்பெண் போடப் போனான் ஜெபசீலன். பேனா பூட்டிக்கொண்டது.

மறுமதிப்பீடு கேட்டு நாற்பத்தைந்து நாளில் பதில் வராவிட்டால், மாணவனே தன் விடைத்தாளைத் திருத்திக்கொள்ளலாம் என்பது தாமத நிவாரணச் சட்டம். அவன் போடுவதே இறுதி. அள்ளிப் போட்டுக்கொள்ள மாட்டானா என்று கேட்பீர்கள். அதற்குத்தான் மணிக்கட்டில் மனதைப் படிக்கும் உள்ளறிமானி. மனம் ஒப்பாத எண்ணை அது எழுத விடாது.

நீரியல் தாளில் அவனுக்கு நாற்பத்தாறு. தேர்ச்சிக்கு ஐம்பது வேண்டும். அணைக்கட்டுத் துறையில் கிடைத்த வேலை அந்த நாலு மதிப்பெண்ணில் தொங்கிக்கொண்டிருந்தது. பல்கலைக்கழகம் கெடு தாண்டியும் வாயே திறக்காததால் தீர்ப்பாயத்துக்குப் போனான். கண்ணை மூடிக்கொண்டு திருத்திய பேராசிரியர் கோமளவல்லி மீது நடவடிக்கையும் வேண்டும் என்று மனுவில் காரசாரமாக எழுதியிருந்தான். விசாரணையில் மடக்கிக் கேட்பார்களே என்று பயந்து, வழக்கு நடந்த பத்து மாதமும் நீரியலைக் கரைத்துக் குடித்தான். அதுதான் வினையாகிவிட்டது.

விடையை மறுபடி படித்தான். சூத்திரமே தப்பு. அன்று தெரியாத தப்பு இன்று பல்லை இளித்தது. மூன்று போட்டான், பேனா எழுதியது. அடுத்ததில் படம் மட்டும் இருந்தது, விளக்கம் இல்லை. அதற்குக் கோமளவல்லி ஐந்து கொடுத்திருந்தார். அவனால் ஒன்றுதான் கொடுக்க முடிந்தது. எல்லாம் கூட்டினால் முப்பத்து மூன்று.

தீர்ப்பாய அறையில் எதிர் நாற்காலியில் கோமளவல்லி உட்கார்ந்திருந்தார்.

"இதுக்கு எதுக்கு மேடம் அஞ்சு போட்டீங்க?" தாளை அவர் பக்கம் திருப்பினான்.

"படம் சரியா இருந்துச்சு. விஷயம் தெரிஞ்ச பையன்தான், நேரம் பத்தலபோலன்னு நெனச்சேன்."

மனுவில் அவரைப் பற்றி எழுதிய ஒவ்வொரு வார்த்தையும் ஞாபகம் வந்தது.

தீர்ப்பாய அலுவலர் உத்தரவை வாசித்தார். கூடுதலோ குறைவோ, பத்துக்கு மேல் வித்தியாசம் வந்தால் அது முதலில் திருத்தியவரின் அலட்சியம். இங்கே பதின்மூன்று. மனுதாரர் தேர்ச்சி பெறவில்லை. ஆனால் அவர் கேட்ட நடவடிக்கை நிறைவேற்றப்படுகிறது; கோமளவல்லி ஐந்தாண்டுகளுக்குக் கற்பிக்கக் கூடாது.

"சார், மனுவ வாபஸ் வாங்கிக்கிறேன்."

"தோத்திருந்தா மேல்முறையீடு பண்ணலாம் தம்பி. ஜெயிச்ச மனுவ எப்படி வாபஸ் வாங்குவீங்க?"

கோமளவல்லி பையை எடுத்துக்கொண்டு எழுந்தார். ஜெபசீலன், வெற்றி பெற்ற தரப்பு என்று அச்சிட்டிருந்த இடத்தில் கையெழுத்துப் போட்டான்.