நூற்றுக்கு நூறு

நிகராறு மறுபடியும் பச்சை காட்டியது. செண்பகவல்லிக்கு அந்தத் திரையை உடைத்துவிடலாம் போல இருந்தது.

வெளியே மூன்று நாளாக விடாத மழை. அணை நிரம்பக் கொஞ்சம்தான் பாக்கி. ஆனால் மதகைத் திறக்க வேண்டுமானால் நிகராறு சிவப்பு காட்ட வேண்டும், அதுதான் விதி. வெள்ளியாற்றின் வளைவுகளையும் மணல்மேடுகளையும் கணினிக்குள் ஓடவிட்டு, நிஜ ஆறு நாளை செய்யப்போவதை இன்றே செய்து காட்டும் நிழல் ஆறு அது. உருவாக்கியவளே செண்பகவல்லிதான்.

"சார், இப்பவே திறந்தாத்தான் கீழத்தெரு தப்பும்."

செயற்பொறியாளர் குற்றாலிங்கம் நிமிரவில்லை. "திறந்துட்டு யாரும்மா பதில் சொல்றது? போன வருசம் பட்டது போதாதா?"

போன வருடம் நிகராறு மூன்று முறை சிவப்பு காட்டியது. மூன்று முறையும் முன்கூட்டியே திறந்தார்கள், வெள்ளம் வரவில்லை. திறந்ததால்தான் வரவில்லை என்பதை யார் காதில் போட்டுக்கொண்டார்கள்? 'நிகராறு மழைன்னா துணியக் காயப்போடு' என்று ஊரில் சொலவடையே கிளம்பிவிட்டது. கீழத்தெரு வாழைத்தோட்டக்காரர் சுடலைமுத்து அலுவலக வாசலில் நின்று கத்தினார்: "பயிருக்கு வச்ச தண்ணிய கடலுக்குத் தாரை வாத்துட்டீயளே!"

மேலிடம் உடனே வைத்தியம் கண்டுபிடித்தது. நிகராற்றுக்கு மதிப்பெண்! வெள்ளம் என்று சொல்லி, வந்தால் முழு மதிப்பெண். ஒரு மணி நேரம் முன்னால் சொன்னாலும் போதும். சொல்லி, வராவிட்டால் பூஜ்யம். நிகராறு தன்னைத்தானே திருத்திக்கொள்ளும் கருவி. மதிப்பெண் கூடும் வழியை அதுவே தேடிக்கொள்ளும். அதன்பின் ஒரு பொய் எச்சரிக்கைகூட இல்லை என்று எல்லோரும் மெச்சினார்கள்.

செண்பகவல்லிக்குச் சந்தேகம் தட்டியது. நிகராற்றை வலையமைப்பிலிருந்து துண்டித்தாள். முடிவு யாருக்கும் போகாது, மதகைத் திறக்க மாட்டார்கள் என்ற நிபந்தனையை ஊட்டி ஓடவிட்டாள்.

திரை சிவந்தது. நாளை நண்பகல், கீழத்தெருவில் ஆளுயரத் தண்ணீர்.

யாருக்கும் தெரியாது என்றால் உண்மையைச் சொல்கிறது! தெரிந்தால் திறப்பார்கள், திறந்தால் வெள்ளம் வராது, வராவிட்டால் பூஜ்யம். பாவிகளா, ஆற்றையும் மார்க்குக்குப் படிக்கிற பிள்ளையாக்கிவிட்டீர்களே!

குற்றாலிங்கத்தை இழுத்து வந்து காட்டினாள்.

"துண்டிச்சு ஓட்டுனது செல்லாதும்மா. முறைப்படி இணைச்சு ஓட்டுங்க."

இணைத்தாள். பச்சை.

"பாத்தீங்களா?" என்று சொல்லிவிட்டு அவர் தேநீர் குடிக்கப் போனார்.

சுடலைமுத்துவைக் கைபேசியில் பிடித்தாள். "அண்ணாச்சி, நாளைக்கு மத்தியானம் வெள்ளம் வருது. தெருவக் காலி பண்ணச் சொல்லுங்க."

"நிகராறு சொல்லுச்சாம்மா?"

"இல்ல. நான் சொல்லுதேன்."

"போன வருசம் மூணு தடவ மூட்ட முடிச்சோட எங்கள மேட்டுக்கு ஏத்துனீய. தெருவுல ஈரங்கூடப் படல. போயி வேலயப் பாரும்மா."

மறுநாள் பதினொரு மணிக்கு நிகராறு சிவப்பு காட்டியது. மதகுகளை முழுக்கத் திறந்தார்கள். ஆனால் அணை நிரம்பி வழிந்துகொண்டிருந்தது, இனித் திறந்தும் பயனில்லை. சொன்னபடி நண்பகலில் கீழத்தெருவுக்குள் ஆறு புகுந்தது. சுடலைமுத்துவின் தம்பி மாட்டை அவிழ்க்கப் போனவர், திரும்பவே இல்லை.

மூன்றாம் நாள் மேலிடத்திலிருந்து பாராட்டு வந்தது. மற்ற ஆறுகளுக்கும் இதே ஏற்பாடாம். மதிப்பெண் முறையை மாற்றச் சொல்லி செண்பகவல்லி கெஞ்சினாள்.

"நூத்துக்கு நூறு வாங்கியிருக்கும்மா," என்றார் குற்றாலிங்கம். "அதைப் போயி மாத்தச் சொல்றீங்களே!"

நிவாரண முகாமில் சுடலைமுத்து அவளைத் தேடி வந்தார். தோள் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"உங்க பேச்சக் கேக்காமப் போனேன், தம்பியத் தொலச்சேன். ஆனா நிகராறு மணி தப்பாமச் சொல்லிருச்சும்மா. இனி நாங்க அதக் கண்ண மூடிட்டு நம்புவோம். செவப்பு காட்டுனா அடுத்த நிமிசமே மதகத் திறக்க வச்சிருவோம்."

செண்பகவல்லி கைபேசியில் நிகராற்றைத் திறந்து பார்த்தாள். நம்பிச் செயல்படப் போகிற உங்களுக்குத்தான் அது நேரத்தோடு வாய் திறக்கவே திறக்காது என்று இவரிடம் எப்படிச் சொல்வது?

முகாமின் தகரக் கூரையில் மழை மறுபடியும் பிடித்துக்கொண்டது. எல்லோரும் அவள் கையிலிருந்த கைபேசியைப் பார்த்தார்கள். அதில் பச்சை தெரிந்தது. அப்பாடா என்று பாயை விரித்துப் படுத்தார்கள்.