மைக்கை அணைத்த பிறகு

த்ரோகிர் என்ற கடலோர ஊரின் கோட்டை வாசலுக்கு எதிரே, காபி ஆறுவதற்குள் ஒரு வாய் குடித்துவிடலாம் என்று வழிகாட்டி நேவென்கா காலரில் மாட்டியிருந்த மைக்கை அணைத்தாள். அணைத்த மறு நொடி அவளுடைய சுற்றுலாக் கூட்டம் மொத்தமும் ஒரே நேரத்தில் சிரித்தது.

திரும்பிப் பார்த்தாள். யாரும் யாரோடும் பேசிக்கொண்டிருக்கவில்லை. கல் பாவிய சந்தில் ஆளுக்கொரு பக்கமாக நின்று, காதில் இயர்போனோடு, ஒருவர் சன்னலையும் ஒருவர் கூரையையும் ஒருவர் வெறும் சுவரையும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். சிரிப்பு அடங்கியதும் ஒரு பெரியவர் கண்ணோரம் துடைத்துக்கொண்டார். இருபது வருடமாக இந்தத் தொழிலில் இருக்கிறாள். அவளுடைய நகைச்சுவைக்கு இதுவரை யாருக்கும் கண்ணில் தண்ணீர் வந்தது கிடையாது. குனிந்து மைக்கின் விளக்கைப் பார்த்தாள். அணைந்துதான் இருந்தது.

வழிகாட்டிகள் கத்திப் பேசினால் இந்த ஊர்க்காரர்களுக்குப் பிடிக்காது. அதனால் மைக்கில் மெல்லப் பேசினால் போதும், வந்தவர்களின் காதுக்குள் போய் விழும். வழிகாட்டியின் காதில் மட்டும் ஒன்றும் இருக்காது. தன் பேச்சு அவர்கள் காதில் எப்படிக் கேட்கிறது என்று நேவென்காவுக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள வேண்டும் என்று தோன்றியதும் இல்லை.

அக்டோபர் கடைசி, பருவத்தின் கடைசிப் பயணம். இரண்டு நாளாகத் தெற்கிலிருந்து யூகோ வீசிக்கொண்டிருந்தது. அந்தக் காற்று வந்தால் சுவர் வியர்க்கும், துணி காயாது, நல்ல மனிதர்கள் எரிந்து விழுவார்கள். அப்படிப்பட்ட நாளில் போய், அவள் கணவன் லோவ்ரே தானாகவே எழுந்து, சவரம் செய்து, "நானும் வரேன்" என்று சொல்லியிருந்தான். கப்பல் கட்டும் தளத்தை மூடியதிலிருந்து சோபாவோடு சோபாவாக ஒட்டிப்போனவன். இத்தனை வருடத்தில் அவள் வேலை செய்வதை ஒருநாள்கூடப் பார்த்ததில்லை.

"வீட்டுல கேக்கறது பத்தாதுன்னு இன்னிக்குக் காதுக்குள்ளயே மாட்டிவிட்டுட்டா பாரு," என்று பஸ் ஓட்டுநர் ஸ்திபேயிடம் காலையில் அலுத்துக்கொண்டான்.

"இதுல சத்தத்தக் குறைக்கப் பொத்தானாவது இருக்குண்ணே. வீட்டுல அதுக்கும் வழியில்ல," என்றான் ஸ்திபே.

லோவ்ரே சிரித்தான். அவன் சிரித்து எத்தனை நாளாயிற்று என்று நினைத்தபோது நேவென்காவுக்கு அழுகையே வந்துவிட்டது. இந்த ஒருநாள் நல்லபடியாகக் கழிந்தால் நாளைக்கும் எழுந்திருப்பான் என்று நம்பினாள். அவனை முழுசாக வெளியே கொண்டுவந்தாயிற்று, முழுசாக வீடு கொண்டுபோய்ச் சேர்க்க வேண்டும். அவளுக்கு வேண்டியது அவ்வளவுதான்.

பஸ் ஏறும்போது ஹன்னலோரே என்ற ஜெர்மன்கார அம்மா அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். "உங்க ஜெர்மன் எவ்வளவு அழகா இருக்கு! செத்துப்போன என் அக்கா பேசற மாதிரியே இருக்கு."

நேவென்காவுக்கு ஜெர்மனில் நன்றி சொல்லத் தெரியும், கழிப்பறை எங்கே என்று காட்டத் தெரியும். "நான் இங்கிலீஷ்லதானே பேசினேன்?" என்றாள்.

அந்த அம்மா, அடக்கத்துக்குச் சொல்கிறாள் என்று எடுத்துக்கொண்டு, கன்னத்தைத் தட்டிவிட்டு ஏறிப்போனாள்.

அடுத்த ஊரான ஷிபெனிக்கில் கடல் ஈயம் போலக் கிடந்தது. படகுகளின் கயிறுகள் கம்பங்களில் தட்டித் தட்டி ஓசை எழுப்பின. எங்கோ ஒரு வீட்டில் பூண்டு வதக்கும் வாசனை, அதற்கு மேல் கடற்பாசியின் அழுகல் வாசனை. தேவாலயத்தின் பின்சுவரில் வரிசையாகச் செதுக்கிய கல் முகங்களைக் காட்டி, வழக்கமாகச் சொல்வதைச் சொன்னாள்: கட்டுமானத்துக்குப் பணம் தராத கஞ்சர்களின் முகங்களையும் சிற்பி வைத்துவிட்டானாம், நன்றாகப் பாருங்கள். வழக்கமாக இந்த இடத்தில் எல்லோரும் அண்ணாந்து பார்ப்பார்கள், படம் எடுப்பார்கள். இன்று எவரும் முகங்களைப் பார்க்கவில்லை. எல்லோரும் சுவருக்கு முதுகு காட்டி, மேலே ஏறும் படிச்சந்தையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

பிறகு நடக்க ஆரம்பித்தார்கள்.

அவள் போகச் சொல்லவில்லை. ஒருவர் பின் ஒருவராக, சுவரை ஒட்டி, அவள் தினமும் கெஞ்சிக் கேட்டும் யாரும் கேட்காத அந்த ஒழுங்கோடு படியேறினார்கள். அவர்களைப் பிடிக்க அவள் மூச்சு வாங்க ஓட வேண்டியிருந்தது. ஒரு பூட்டிய வீட்டின் முன் கூட்டம் நின்றிருந்தது. அந்த வீட்டைப் பற்றிச் சொல்ல எதுவுமே கிடையாது. பச்சைக் கதவு, துருப்பிடித்த தபால் பெட்டி, வாசலில் காய்ந்த பூந்தொட்டி. அதன் முன்னால் அவர்கள் மூச்சைப் பிடித்துக்கொண்டு கேட்டார்கள். இரண்டு பெண்கள் கைகோத்திருந்தார்கள். லோவ்ரேயின் கண்கள் சிவந்திருந்தன.

"என்ன ஆச்சு உனக்கு?" என்று அவன் தோளைத் தொட்டாள்.

ஒரு காதிலிருந்து இயர்போனைக் கழற்றிவிட்டு அவளைப் பார்த்தான். கல்யாணத்தன்று பார்த்த பார்வை. "ஏண்டி நேவா, அந்தப் படகுத்துறையில முதல் தடவை என்னைப் பாத்தப்ப, கால் நடுங்கி, கயித்தப் பிடிச்சுக்கிட்டு நின்னியாமே. எங்கிட்ட ஒரு வார்த்தை சொன்னதில்ல. இன்னிக்கு இத்தனை பேர் முன்னாடி சொல்றே."

அது உண்மை. ஈரக் கயிறு, அதன் தார் நாற்றம், உள்ளங்கையில் பதிந்த முறுக்கு, எல்லாம் உண்மை. அவள் அதை அம்மாவிடமோ தோழியிடமோ சொன்னதில்லை. பாவமன்னிப்பில்கூடச் சொன்னதில்லை.

பஸ்ஸுக்குத் திரும்பியதும் ஸ்திபேயைத் தனியே இழுத்தாள்.

"வேற வழிகாட்டி எவளாவது அதே சேனல்ல பேசியிருப்பாக்கா," என்றான் அவன், சாண்ட்விச்சை மென்றுகொண்டே. "போன வருஷம் ஒரு பாதிரியாரோட பூசையே உள்ள வந்துச்சு. யூகோ அடிக்குது, எல்லாருக்கும் மண்டை கொழம்பிக் கிடக்கு. அருவியப் பாத்துட்டு வாங்க, சீக்கிரம் வீட்டுக்குப் போவோம்."

அவள் நம்பத்தான் விரும்பினாள். நம்பவும் செய்தாள், அருவிக்குப் போக ஸ்க்ராதினில் படகு ஏறும்வரை.

படகு கர்க்கா ஆற்றில் மேல்நோக்கிப் போனது. இரண்டு கரையிலும் நாணல் மஞ்சளாகிவிட்டிருந்தது. எஞ்சின் புகை மேலே எழும்பாமல் தண்ணீரிலேயே படுத்துக் கிடந்தது. மலைகளுக்கு நடுவே வெளிச்சம் சீக்கிரமே சாம்பல் நிறத்துக்கு வந்துவிட்டது. அவள் எழுந்து நின்று, அருவிச் சத்தத்தில் இயர்போன் வேலை செய்யாது, கழற்றிக் கொடுத்துவிடுங்கள் என்றாள். எல்லோரும் அன்பாகப் புன்னகைத்தார்கள். யாரும் கழற்றவில்லை. இயர்போன்களை வாங்கிப் போடும் பெட்டியோடு நடுவில் நின்ற அவளைத் தாண்டி, ஆற்றின் ஒரு வளைவைப் பார்த்து எல்லோரும் சேர்ந்து "அடடா" என்றார்கள். அங்கே நாணல்தான் இருந்தது.

இடுப்பிலிருந்த மைக் பெட்டியைத் திறந்தாள். பேட்டரிகளைக் கழற்றினாள். உள்ளங்கையில் வைத்துப் பார்த்து, கோட்டுப் பைக்குள் போட்டாள்.

ஹன்னலோரே தலையைச் சாய்த்து, கேட்டுக்கொண்டேதான் இருந்தாள்.

நேவென்கா லோவ்ரேயின் பக்கத்தில் போய் உட்கார்ந்தாள். "அதைக் கழட்டு," என்றாள். அவன் உடனே கழற்றினான். கழற்றியதும் பழைய லோவ்ரேயாகி, பசிக்கிறது, இந்தப் படகின் எஞ்சினை எவனோ அரைகுறையாகச் சீர்செய்திருக்கிறான் என்று முணுமுணுத்தான். அவளுக்கு உயிர் வந்தது. அந்த இயர்போனை வாங்கித் தன் காதில் வைத்தாள்.

எதுவும் கேட்கவில்லை. இரைச்சல்கூட இல்லை. ஆனால் அது யாரும் இல்லாத அமைதி அல்ல. ஒரு அறையில் பேசிக்கொண்டிருப்பவர்கள் நாம் உள்ளே நுழைந்ததும் சட்டென்று நிறுத்திக்கொள்வார்களே, அந்த அமைதி. யாரோ மூச்சை அடக்கிக்கொண்டு, அவள் போகட்டும் என்று காத்திருந்தார்கள். படகிலிருந்த அத்தனை பேரும் அவளைத் திரும்பிப் பார்த்தார்கள். குறுக்கே பேசியவளைப் பார்ப்பது போல, கொஞ்சம் எரிச்சலோடு.

அவள் அதைப் பிடுங்கி ஆற்றில் எறிந்தாள்.

படகு கரையைத் தொட்டது. திரும்பிப் போகலாம் என்று படகுக்காரரிடம் சொன்னாள். அவர் கைக்கடிகாரத்தைத் தட்டிக் காட்டி, அடுத்த நடை வரும்வரை பொறுக்கச் சொன்னார். அதற்குள் கூட்டம் இறங்கிவிட்டது.

மரப்பாலத்தின் மேல் நீர்த்துளிகள் மூடுபனியாக மிதந்தன. அத்திமரங்களின் இலைகள் நனைந்து தொங்கின. கோடையில் தோளோடு தோள் இடிக்கும் இடம் இது. இன்று யாரும் இல்லை, டிக்கெட் கூண்டின் கதவும் அடைத்திருந்தது. அருவிகள் படிப்படியாக விழுந்த அந்தப் பெரிய இரைச்சலில் அவளுக்குத் தன் காலடிச் சத்தமே கேட்கவில்லை. லோவ்ரேயின் கையை இறுகப் பிடித்துக்கொண்டு நடந்தாள். பாலத்தின் நடுவில் பலகை வழுக்கியது. கைப்பிடியைப் பற்றுவதற்காக ஒரு கணம் அவனை விட்டாள்.

திரும்பியபோது அவன் பக்கத்தில் ஹன்னலோரே நின்றிருந்தாள். தன் ஒரு காதிலிருந்து கழற்றிய இயர்போனை அவன் காதில் மாட்டிக்கொண்டிருந்தாள், குழந்தைக்குக் கம்பளித் தொப்பி மாட்டுகிற கரிசனத்தோடு.

"லோவ்ரே!"

அவன் உதடுகள் அசைந்தன. அவள் கிட்டே போய்த்தான் கேட்க முடிந்தது.

"கேக்காம இருக்க முடியல நேவா. நீ இன்னும் சொல்லி முடிக்கல."

பாலத்துக்குக் கீழே, முன்னொரு காலத்தில் குளிக்க விட்ட சரிவு. இப்போது கயிறு கட்டி அடைத்திருக்கிறார்கள். முதல் ஆள் கயிற்றைத் தூக்கிப் பிடித்தார். அடுத்தவர் நன்றி சொல்லிக் குனிந்து நுழைந்தார். அதற்கடுத்தவர். செருப்போடு, கோட்டோடு, தோளில் பையோடு. தண்ணீருக்குள். ஒருவரும் அவசரப்படவில்லை.

அவள் கத்தினாள். அருவி அதை விழுங்கியது. கையை விரித்து வழி மறித்தாள். விலகி, சுற்றிக்கொண்டு போனார்கள். ஒருவரின் காதிலிருந்து இயர்போனை இழுத்து அறுத்தாள். அவர் தலையைச் சாய்த்தபடியே நடந்தார். பேட்டரிகளைத் தேடினாள். ஒன்று விழுந்து உருண்டது. இன்னொன்றைத் திணித்தாள். விளக்கு எரியவில்லை. எரியாத மைக்கில் கத்தினாள். போகாதீங்க. திரும்புங்க. நான்தான் பேசறேன். நான்தான்.

ஒரு தலைகூட அசையவில்லை.

லோவ்ரே கயிற்றைத் தாண்டிவிட்டான். முழங்கால் ஆழம். அவள் குதித்து அவன் சட்டையைப் பிடித்தாள். தண்ணீரின் குளிர் எலும்பில் ஏறியது. காலடியில் பாசி. அவன் முகத்தை இரண்டு கையாலும் தன் பக்கம் திருப்பினாள். இத்தனை வருடமாகச் சொல்லாததை, சோபாவில் அவன் முதுகைப் பார்த்தபடி விழுங்கி வைத்திருந்ததை, தொண்டை கிழியக் கத்தினாள்.

"உன்ன விட்டா எனக்கு வேற யாரும் இல்லடா! வேலை போனா போகுது! நீ வீட்டுல இருந்தாப் போதும்! என்னோட வா!"

அவன் புன்னகைத்தான். அவள் கைகளை மெதுவாகப் பிரித்து எடுத்தான்.

"தெரியுமே," என்றான். "இப்பதானே சொன்னே."

போய்விட்டான். இடுப்பு ஆழம். மார்பு ஆழம். பிறகு பாறைத் திட்டில் ஏறி, வெள்ளையாகக் கொட்டிய நீர்த்திரைக்குள்.

அவள் பின்னால் போகப் பார்த்தாள். பாசியில் வழுக்கி மண்டியிட்டு விழுந்தாள்.

திரைக்குப் பின்னால் அவர்கள் எல்லோரும் நின்றிருந்தார்கள். அருவி நேராக முகத்தில் விழுந்தது. கண்களை யாரும் மூடவில்லை. வாய்களில் தண்ணீர் நிறைந்து, வழிந்து, மறுபடி நிறைந்தது. இருமல் இல்லை. திமிறல் இல்லை.

எல்லாத் தலைகளும் வலப்பக்கம் திரும்பின. ஒரே நேரத்தில். பிறகு இடப்பக்கம். பிறகு மேலே. நேவென்காவுக்கு அந்தத் திருப்பம் தெரியும். அடுத்து வழிகாட்டி என்ன சொல்வாள் என்பதும் தெரியும்.

இப்போது நேர் எதிரே பாருங்கள்.

எல்லோரும் அவளைப் பார்த்தார்கள். ஹன்னலோரே நீருக்குள்ளிருந்தே கேமராவைத் தூக்கினாள். லோவ்ரேயும் பார்த்தான். கொட்டும் தண்ணீருக்குள், திறந்த கண்களோடு, தலையைச் சற்றே சாய்த்து, காதில் சொல்லப்படுவதைக் கவனமாகக் கேட்டுக்கொண்டு, முன்பின் தெரியாத ஊரில் யாரோ கைநீட்டிக் காட்டிய ஒரு பழைய கல்லைப் பார்ப்பது போலத் தன் மனைவியைப் பார்த்தான்.