உச்சிவெயிலுக்கு ஒரு சாட்சி

2057 மே 14 அன்று, தூத்துக்குடியில், கடலோரத் தொழில் தீர்ப்பாயம் முதன்முறையாக ஓர் உணர்படத்தைச் சாட்சியமாக ஏற்றுக்கொண்டது.

கோரிக்கை ஒன்றுதான்: உச்சிவெயிலில் உப்பு வாரும் வேலையை நிறுத்த வேண்டும். ஆவணப்பட இயக்குநர் பெனிட்டா, உப்பளத் தொழிலாளி முத்துப்பேச்சியின் பிடரியில் உணர்வாங்கியை ஒட்டி எடுத்த படம் அது. பார்ப்பவர் நெற்றியில் பட்டையைக் கட்டிக்கொண்டால் போதும். பேச்சியின் உடம்புக்குள் போய்விடலாம். இனி எவனும் உச்சுக்கொட்டிவிட்டு எழுந்து போக முடியாது என்று பெனிட்டா நம்பியிருந்தாள்.

நடுவர் பட்டையைக் கழற்றியபோது அவர் முகம் தெளிந்திருந்தது.

"கால் எரியத்தான் செய்யுது. ஆனா மனசு நிறைஞ்சு கிடக்கும்மா. இந்த நாற்காலியில எனக்கு இப்படி ஒரு நாள் அமைஞ்சதில்லை."

உப்பள முதலாளியின் வக்கீல் சிரித்தேவிட்டார்.

"அவங்க பாதத்தைப் பாருங்க ஐயா, வெடிச்சுக் கிடக்கு," என்றாள் பெனிட்டா.

"பார்க்க வேண்டாம், உணர்ந்தாலே போதும்னு மனுவில எழுதினது நீங்கதானே?"

உணவு இடைவேளையில் பெனிட்டாவின் கோபம் பேச்சியின் மேல் பாய்ந்தது. "உங்களுக்கு வலிக்கவே இல்லையாக்கா?"

"வலிக்காம? நீ பக்கத்துல இருந்தல்லா தாயி. சாப்பிட்டியான்னு கேட்ட. எம்மவன் செத்த கதைய நான் சொல்லச் சொல்ல நீ அழுத. இத்தன வருசத்துல எவ கேட்டா? எனக்குக் கலியாண வீட்டுல இருக்க மாதிரில்லா இருந்துச்சு."

தான் படமெடுக்கும் மனிதர்களோடு மாதக்கணக்கில் கூட இருந்து, உண்டு, உறங்கி, அவர்கள் தன்னை உறவாக எண்ணிய பிறகே கருவியை இயக்குவது அவள் வழக்கம். பெனிட்டா அதற்காகவே விருதுகள் வாங்கியவள். பதிவாகியிருந்தது உப்பளம் அல்ல. அவள் வந்துபோன சந்தோஷம்.

"நான் இல்லாம இன்னொரு தடவை எடுப்போம்."

"போ தாயி. உள்ள அங்ஙன வச்சே என் கால நீட்டுனேன், அந்த நடுவரு குனிஞ்சு பாக்கல. கண்ணு இருந்தும் பாக்காதவன் என் நரம்புக்குள்ள பூந்து என்னத்தக் கிழிக்கப் போறான்?"

இருந்தாலும் பெனிட்டா உள்ளே போய் எல்லாவற்றையும் சொன்னாள். அந்த நிம்மதி வேலையால் வந்ததல்ல, ஒருத்தி உட்கார்ந்து காதுகொடுத்துக் கேட்டதால் வந்தது என்று மேசையைத் தட்டிச் சொன்னாள். நடுவர் கவனமாகக் குறித்துக்கொண்டார்.

மறுவாரம் உத்தரவு வந்தது. மனு தள்ளுபடி. ஒவ்வோர் உப்பளமும் நண்பகலில் தொழிலாளரிடம் பரிவுடன் பேச ஒரு கேட்புப் பணியாளரை அமர்த்த வேண்டும். அவர்களுக்கான பயிற்சி, இயக்குநர் பெனிட்டாவின் முறையைப் பின்பற்றி அமைய வேண்டும்.

ஜூலையில் கேட்புப் பணியாளர்கள் வந்தார்கள். அன்று முதல் நண்பகல் வேலை ஒரு மணி நேரம் நீட்டிக்கப்பட்டது.