பாலத்தில் பதினைந்தாவது ஆள்

படச்சுருள் பெட்டியின் அட்டையில், 'பாலம் இடிந்து விழுவது. நாற்பது விநாடி. மேலே பதினான்கு பேர், எல்லோரும் பெரியவர்கள்' என்று எழுதியிருந்தது. அவள் எண்ணியபோது பதினைந்து வந்தது.

ஆவணப்படங்களுக்குப் பழைய காட்சிகளைத் தேடிக் கொடுப்பதுதான் அவள் பிழைப்பு. "குழந்தை ஒண்ணு இருந்தாத்தான் பார்க்கிறவங்க மனசு கலங்கும். இல்லேன்னா வேற ஆளைப் பார்த்துக்கறேன்" என்று இயக்குநர் போன வாரம் கறாராகச் சொல்லிவிட்டார். சுருளைக் கண்ணால்கூடப் பார்க்காமல், "இருக்கு சார். ஏழு வயசுப் பொண்ணு" என்று வாய் கூசாமல் அளந்துவிட்டாள். வீட்டில் ஏழு வயதில் ஒருத்தி இருந்ததால் அந்த வயதுதான் வாயில் வந்தது.

வெளியே நல்ல மதிய வெயில். பிலிம் காப்பகத்தின் இந்த நிலவறையிலோ பழைய பிலிமின் புளித்த காடி நெடியும், சூடேறிய தூசியின் வாடையும், சுருளைப் போட்டுப் பார்க்கும் கருவியின் கைப்பிடியைச் சுற்றச் சுற்றச் சின்னத் திரைக்குப் பின்னாலிருந்து வரும் டிக்டிக் சத்தமும்தான் இருந்தன. "சுத்திக்கிட்டே இருங்கம்மா. நிறுத்தினா பல்பு சூட்டுல அந்த இடம் பொசுங்கிடும்" என்று எச்சரித்துவிட்டுத்தான் காப்பகக்காரர் கதவைச் சாத்திக்கொண்டு போயிருந்தார்.

பாலம் இடியுமுன்பே பின்னால் சுற்றி, மறுபடி எண்ணினாள். பதினைந்து. கூட்டத்தின் கடைசியில், முதுகைக் காட்டியபடி ஒரு சிறுமி. அப்பாடா, பொய் பலித்துவிட்டது! அவளுக்குச் சிரிப்பே வந்தது.

போன் அடித்தது. ஒரு கையால் சுற்றிக்கொண்டே மறுகையால் ஸ்பீக்கரைத் தட்டினாள். கணவன்.

"பாப்பாவை நீ கூட்டிட்டுப் போனியா? கிளாஸ்ல இல்லையாம். இப்பதான் இருந்தா, காணோம்னு டீச்சர் அழறாங்க."

திரையில் சிறுமி திரும்பினாள்.

இடப்பக்கப் பின்னல் அவிழ்ந்திருந்தது. காலையில் அவசர அவசரமாக இவள் பின்னிவிட்ட பின்னல். கழுத்தில் மூடி உடைந்த தண்ணீர் பாட்டில்.

பாலத்தில் விரிசல் ஓடியது. பதறிப்போய்ப் பின்னால் சுற்றினாள். முதல் கட்டத்திலேயே பிள்ளை நிற்கிறாள். அதற்கும் முன்னால் சுருளில் ஒன்றுமில்லை, வெறும் கறுப்பு; அதற்குள் பிள்ளையை விட அவளுக்குத் துணிவில்லை. விளக்கின் சுவிட்ச் எதிர்ச் சுவரில். எழுந்து போனால் கை நிற்கும். நின்றால் பொசுங்கும்.

"சார்! யாராவது வாங்களேன்!" தொண்டை கிழியக் கத்தினாள். கதவு திறக்கவில்லை.

பிள்ளையின் வாய் அசைந்தது. ஊமைப் படம். சத்தமே கிடையாது.

"ஏய், பாப்பா குரல் கேக்குதே!" போனில் கணவனுக்கு உயிர் வந்தது. "அம்மா அம்மாங்கறாளே. அங்கதான் இருக்காளா? போனை அவகிட்ட குடு."

முன்னால் கொஞ்சம் சுற்றினாள். பின்னால் கொஞ்சம். மணிக்கட்டு மரத்துப்போனது. பிலிமின் ஓரத்துளை ஒன்று கிழிந்தது. இன்னொன்று.

திரையில் பிள்ளை ஓரடி முன்னால் வருகிறாள். ஓரடி பின்னால் போகிறாள். இரண்டு கைகளையும் நீட்டியபடி.

ஒவ்வொரு சுற்றுக்கும் பிள்ளையின் முகத்தில் புதிதாக ஒரு கீறல் விழுகிறது.