அட்டலாண்டா நின்ற இடம்

“தங்க ஆப்பிள்” என்று ஆனந்தமேரி டீச்சர் சொன்னதும் ஐந்தாம் வகுப்பிலிருந்து முதல் கேள்வி வந்தது.

“யாருக்கு டீச்சர் உடம்பு சரியில்ல?”

கேட்டவன் முகேஷ்குமார். அவன் கேட்டதிலும் தப்பில்லை. அந்த வகுப்பில் பாதிப் பேர் ஆப்பிளை ஆஸ்பத்திரிக் கட்டிலின் பக்கத்தில்தான் பார்த்திருந்தார்கள்.

“யாருக்கும் ஒண்ணுமில்ல. கதையக் கேளுங்க. நம்ம ஆண்டு விழா நாடகம் இதுதான்” என்றார் டீச்சர்.

அது கிரேக்க நாட்டுக் கதை. அட்டலாண்டா என்று ஓர் இளவரசி. காற்று மாதிரி ஓடுவாள். அவளைக் கல்யாணம் செய்துகொள்ள விரும்புகிறவன் அவளோடு ஓடி ஜெயிக்க வேண்டும். தோற்றால் தலை போய்விடும். நிறையத் தலைகள் போய்விட்டன. கடைசியில் ஹிப்போமினிஸ் என்று ஒருவன் வந்தான். ஒரு தேவதை அவனுக்கு மூன்று தங்க ஆப்பிள் கொடுத்திருந்தாள். ஓட்டத்தின் நடுவே அவற்றை ஒவ்வொன்றாக உருட்டிவிட்டான். அட்டலாண்டா ஒவ்வொரு முறையும் நின்று எடுத்தாள். அதற்குள் அவன் முந்திவிட்டான்.

“அட்டலாண்டாவா யாரு நடிக்கிறது?” என்று கேட்டார் டீச்சர்.

எல்லாரும் பொன்னழகைத் திரும்பிப் பார்த்தார்கள். பள்ளிக்கூடத்திலேயே வேகமாக ஓடுகிறவள் அவள்தான். காந்திகிராமம் தாண்டி உள்ளே அவள் ஊர். காலையில் அம்மாவோடு தோட்டத்தில் கனகாம்பரம் பறித்துவிட்டு, திண்டுக்கல் பஸ்ஸைப் பிடிக்கத் தினமும் ஓடி வருவாள்.

பொன்னழகு உடனே எழுந்து நின்றாள். போன வருஷ நாடகத்தில் அவள் மரம். அதனால் அம்மா பார்க்க வரவில்லை. “மரந்தான் நம்ம தோட்டத்துலயே நிக்குதே” என்று சொல்லிவிட்டாள். இளவரசி என்றால் கட்டாயம் வருவாள்.

ஹிப்போமினிஸாக முகேஷ்குமார். ஆப்பிள் வாங்க வேண்டியதில்லை என்று அவனே சொன்னான். நெய்க்காரப்பட்டியில் அவனுடைய மாமாவுக்குக் கொய்யாத் தோப்பு இருந்தது. கொய்யாக்காய் கீழே விழுந்தாலும் நசுங்காது. தங்க நிற ஜிகினாத் தாளைச் சுற்றினால் போதும்.

ஹிப்போமினிஸ் என்ற பேர்தான் யார் வாயிலும் நுழையவில்லை.

“இப்போ... மினி... பஸ்ஸா?” என்றாள் ரீனா.

அந்த வருஷம்தான் ஊருக்குள் மினிபஸ் விட்டிருந்தார்கள். அன்றிலிருந்து முகேஷ்குமார் மினிபஸ் ஆகிவிட்டான். ஓட்டமும் அதே மாதிரிதான். நின்று நின்று போவான்.

ஒத்திகை தொடங்கியது. மைதானத்தில் சுண்ணாம்புக் கோட்டால் பெரிய வட்டம் போட்டிருந்தார்கள். இரண்டு சுற்று ஓட வேண்டும்.

முகேஷ்குமார் முதல் கொய்யாவை உருட்டினான். பொன்னழகு ஓடியபடியே குனிந்தாள், எடுத்தாள், ஓடினாள். இரண்டாவதும் அப்படியே. மூன்றாவதை எடுத்துக்கொண்டு வட்டத்தை முடித்தபோது அவன் பாதி தூரம்கூட வரவில்லை.

“பொன்னழகு! நீ நிக்கணும்!” என்று கத்தினார் டீச்சர்.

“எதுக்கு டீச்சர் நிக்கணும்?”

“ஆப்பிள எடுக்க.”

“அதான் எடுத்துட்டேனே.” மூன்று கொய்யாவையும் நீட்டினாள்.

கனகாம்பரம் பறிக்கிற கை அது. குனிவதற்கும் நிற்பதற்கும் அவளுக்குச் சம்பந்தமே இல்லை.

“தங்கம் பிள்ள! தங்கத்தப் பாத்தா ஆசையா நின்னு பாக்க மாட்டியா?”

“அவ பேர்லயே பொன் இருக்கு டீச்சர். அவளுக்கு எதுக்குத் தங்கம்?” என்றாள் ரீனா. எல்லாரும் சிரித்தார்கள்.

மறுநாளும் பொன்னழகுதான் ஜெயித்தாள். அதற்கு அடுத்த நாளும் அவள்தான். வேண்டுமென்று செய்யவில்லை. மனசு ‘நில்’ என்றது. கால் கேட்கவில்லை.

“போன வருஷம் அம்புட்டு நேரம் அசையாம நின்னியே!” என்றார் டீச்சர்.

“அப்ப நான் மரம் டீச்சர்.”

டீச்சர் சிரிப்பை அடக்கிக்கொண்டார். ஆனால் அடுத்துச் சொன்னது சிரிப்பதற்கில்லை. “நாளைக்கும் நீ தோக்கலைன்னா அட்டலாண்டா ரீனாதான். கதை முடியணுமில்ல?”

அன்றிரவு பொன்னழகு சரியாகச் சாப்பிடவில்லை. அம்மா புதுப் பாவாடைக்கு ஓரம் தைத்துக்கொண்டிருந்தாள். “வெள்ளிக்கிழம பூவ சீக்கிரம் பறிச்சுப் போட்டுட்டு ரெண்டு மணி பஸ்ஸுக்கே வாரேன்” என்றாள்.

மறுநாள் ஒவ்வொரு கொய்யாவையும் எடுத்தபின் பொன்னழகு நின்று, மனசுக்குள் ஒன்றிலிருந்து பத்து வரை எண்ணினாள். ஒரு வழியாகத் தோற்றாள்.

“பஸ்ஸுக்கு நிக்கிற மாதிரியே நிக்கிற” என்றார் டீச்சர். “பரவாயில்ல. நின்னியே, அதுவே போதும்.”

வெள்ளிக்கிழமை வந்தது. வட்டத்தைச் சுற்றி ஒரே கூட்டம். எல்.கே.ஜி. பிள்ளைகளைக் கோட்டுக்கு ஓரமாகத் தரையில் உட்கார வைத்திருந்தார்கள். அம்மா பின்னால் ஒரு மரத்தடியில் நின்று கையசைத்தாள்.

விசில் ஊதியதுதான் தெரியும். அம்மா பார்க்கிறாள் என்ற நினைப்பில் பொன்னழகுக்கு எண்ணுவது மறந்துபோனது. முதல் கொய்யாவை ஓடியபடியே எடுத்தாள். இரண்டாவதையும் நிற்காமலே எடுத்தாள். கூட்டம் கைதட்டியது. ஆனந்தமேரி டீச்சர் மட்டும் மைக் பக்கத்தில் தலையில் கை வைத்துக்கொண்டு நின்றார்.

அப்போதுதான் பொன்னழகுக்கு உறைத்தது. ‘ஐயையோ! நான் தோக்கணுமே!’

முகேஷ்குமாரும் பயந்துபோனான். மூன்றாவது கொய்யாவை உருட்டாமல் வீசியே விட்டான். அது பொன்னழகைத் தாண்டிப் போய், கோட்டையும் தாண்டி, எல்.கே.ஜி. சைதூனின் மடியில் விழுந்தது. சைதூன் அதை இரண்டு கையாலும் எடுத்தாள். பளபளவென்று இருந்தது. ஒரே கடி!

பொன்னழகு கையை நீட்டிக்கொண்டே ஓடி வந்தாள். பிடுங்கிக்கொண்டு ஓட ஒரு நொடி போதும். ஆனால் சைதூனின் வாயோரத்தில் ஜிகினாத் தாள் மினுங்கியது. குழந்தை மென்றுகொண்டிருந்தாள்.

பொன்னழகு நின்றாள்.

மண்டியிட்டு உட்கார்ந்தாள். “துப்பு கண்ணு. அது தாளு. துப்பு!”

சைதூன் வாயை இறுக மூடிக்கொண்டாள்.

“அக்கா பழத்தப் பிடுங்க மாட்டேன். இந்தா, ஆ காட்டு, ஆ...” பொன்னழகு தன் வாயைத் திறந்து காட்டினாள். சைதூனும் திறந்தாள். பொன்னழகு விரலை விட்டு ஒரு துண்டுத் தாளை எடுத்தாள். நாக்கில் இன்னொன்று ஒட்டியிருந்தது. அதையும் எடுத்தாள்.

பின்னால் புஸ் புஸ்ஸென்று மூச்சு கேட்டது. முகேஷ்குமார் வந்து நின்றுவிட்டான்.

“என்னாச்சு பொன்னழகு?”

“டேய், நீ எதுக்குடா நின்ன? ஓடு!”

“பாப்பாவுக்கு...”

“பாப்பாவ நான் பாத்துக்கிறேன். மினிபஸ், நிக்காமப் போடா!”

கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. மினிபஸ் அன்றைக்கு எங்கேயும் நிற்காமல் போய் வட்டத்தை முடித்தது.

பொன்னழகு மிச்சத் தாளையும் உரித்துவிட்டுக் கொய்யாவை சைதூனிடமே கொடுத்தாள். பிறகு நடந்து போய் ஹிப்போமினிஸுக்கு மாலை போட்டாள். அவள் வீட்டுக் கனகாம்பர மாலை. விரலெல்லாம் ஜிகினா ஒட்டியிருந்தது.

“இன்னைக்குத்தான் பிள்ள நின்ன மாதிரி நின்ன!” என்று டீச்சர் அவள் தோளைப் பிடித்துக்கொண்டார்.

“தாள முழுங்கியிருக்கும் டீச்சர்” என்றாள் பொன்னழகு.

பஸ்ஸில் போகும்போது அம்மா சொன்னாள், “நாடகம் நல்லா இருந்துச்சு. அந்தக் குட்டிப் பிள்ள ரொம்ப நல்லா நடிச்சா.”

திங்கட்கிழமை இடைவேளையில் முகேஷ்குமார் சட்டைக் காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டு வந்தான். “ஜெயிச்சது யாரு?”

“நீதான்.”

“அந்த வேப்பமரத்துலருந்து தண்ணிக் குழா வரைக்கும் இன்னொரு தடவ ஓடுவமா?”

அவன் டிராயர் பாக்கெட் உப்பியிருந்தது. பொன்னழகு அதைப் பார்த்தாள்.

ரீனா விசிலடித்தாள். இருவரும் ஓடினார்கள். பாதி வழியில் பாக்கெட்டிலிருந்து ஒரு கொய்யா உருண்டு வந்தது. இந்த முறை பழுத்த பழம்.

முகேஷ்குமார் மூச்சு வாங்கிக்கொண்டு குழாயடிக்கு வந்து சேர்ந்தபோது, பாதிப் பழம் தின்று முடித்திருந்த பொன்னழகு, மீதிப் பாதியை அவனிடம் நீட்டினாள்.