ஆளு வந்தாச்சா?

ரத்தினபாய் காலையில் துடைத்த தரையில், மாலைக்குள் மறுபடியும் வெள்ளைத் தூள் படிந்திருந்தது.

சாலைப் புழுதி என்றால் செம்மண் நிறத்தில் இருக்கும். அடுப்புக் கரி என்றால் கையில் கறுப்பாக ஒட்டும். இது இரண்டும் இல்லை. விரலில் வைத்துத் தேய்த்தால் குழந்தைகளுக்குப் போடும் பவுடர் போல வழுக்கியது. நாக்கில் பட்டால் நறநறத்தது. ஜன்னலை இறுகச் சாத்தினாலும் வந்தது. மூடிவைத்த பானைத் தண்ணீரின் மேல் ஆடை கட்டி மிதந்தது. அவள் கணவன் தேவானந்தம் அதைப் பார்த்துச் சிரிக்கத்தான் செய்தான்.

"முகம் தெரியற தரை உள்ள வீடுதான் வேணும்னு அடம் பிடிச்சது யாரு? குவாரி பக்கத்துல வந்துட்டு தூசின்னா எப்படி ரத்தினா?"

"குவாரியை மூடி எத்தனையோ வருஷம் ஆச்சுங்க."

"தூசிக்கு யாரும் சொல்லல போல."

கல்யாணமாகி இன்னும் ஒரு வருடம் முடியவில்லை. அவன் சிரித்தால் அவளுக்கும் சிரிப்பு வந்துவிடும். கிண்டியில் வேலை முடித்து, வண்டலூர் ஸ்டேஷனில் ரயிலைவிட்டு இறங்கி, சைக்கிளில் வருவான். மலைத் திருப்பத்தில் அவன் மணியடித்ததும் இவள் காபிக்குப் பால் வைப்பாள். ஆனால் கோடை விடுமுறை தொடங்கி, பாடம் நடத்தப் பள்ளிக்கூடம் போகாமல் பகல் முழுக்க அந்த வீட்டில் தனியாக இருக்க ஆரம்பித்த பிறகு, விளக்கு வைக்கும் நேரம் நெருங்கினாலே அவள் கதவைத் தாழிட்டுக்கொண்டாள். தனியாக இருக்கப் பயமாக இருக்கிறது என்று அன்று காலை வெட்கத்தை விட்டுச் சொல்லியும்விட்டாள். "அதுக்கென்ன, ரோட்டைச் சுத்தாம குவாரி வழியா வரேன். பால் காயறதுக்குள்ள வந்துடுவேன்" என்று அவள் கன்னத்தைத் தட்டிவிட்டுப் போயிருந்தான்.

அந்த இடத்துக்கு இன்றும் கம்பெனி லைன் என்றுதான் பெயர். மலையின் வயிற்றில் வெள்ளையும் சாம்பலுமாக ஓடிய கல்லைப் பளிங்கு என்று வெட்டி விற்றது ஒரு கம்பெனி. ஆட்களுக்கு வரிசை வரிசையாக வீடு, அரிசிக் கடை, மருந்தகம், வாரம் ஒரு சினிமா என்று மலையடியில் ஓர் ஊரையே கட்டியது. விரிசல் விட்டு விற்க முடியாமல் போன கற்பலகைகளை அந்த வீடுகளுக்குத் தரையாகப் போட்டது. பிறகு ஒரு நாள் வேலை நின்றது. குழியில் தண்ணீர் ஏறியது. லைனில் பாதி வீடுகளுக்கு மேல் இப்போது பூட்டுத்தான். ரத்தினபாய் வீட்டுக்கு இருபுறமும் பூட்டு.

பிற்பகலில் கீரைக் கூடையோடு முனியம்மா வந்தாள். லைனின் மறுகோடியில் இருப்பவள். வயசுக் காலத்தில் அதே குவாரியில் கல் சுமந்தவள்.

"இன்னா டீச்சரம்மா, எப்பப் பாத்தாலும் தொடச்சிக்கினே கீற? தரை தேஞ்சி, கீய கீறவன் எய்ந்து வந்துடப் போறான்."

"இந்தத் தூள் எங்கேருந்து வருதுன்னுதான் தெரியல, முனியம்மா."

முனியம்மா ஒரு சிட்டிகை எடுத்து முகர்ந்தாள். சிரிப்பு போய்விட்டது. "வேட்டுத் தூளு" என்றாள்.

"இப்போ ஏது வேட்டு?"

"அப்பல்லாம் தெனிக்கும் வெளக்கு வெக்கிற நேரத்துல வேட்டு. அதுக்கு முந்தி துரைன்னு ஒரு மேஸ்திரி வூடு வூடா வருவான். 'ஆளு வந்தாச்சா?'ன்னு கேப்பான். புருசன் குவாரிலேர்ந்து வந்துட்டா, பொம்பளைங்க உள்ளேர்ந்து 'வந்தாச்சு'ன்னு கொரல் குடுக்கணும். லைன் முச்சூடும் வந்தாச்சுன்னாதான் சங்கு. சங்குக்கு அப்பால திரிய கொளுத்துவாங்க."

"நல்ல ஏற்பாடுதானே?"

"ஏற்பாடு நல்லதுதான். துரைதான் நல்லவன் இல்ல. பொம்பள ஒண்டியா கீறான்னு தெரிஞ்சா போதும், கதவாண்டயே நிப்பான். இதே வூட்லதான் செல்லியம்மா இருந்துச்சு. புதுசா கண்ணாலம் ஆன பொண்ணு. ஒரு நாளு அது புருசன் வர லேட்டு. துரை வந்து கேக்கறான்..." வானத்தில் உறுமியது. முனியம்மா அவசரமாகக் கூடையைத் தலையில் ஏற்றினாள். "மழை வர்து. அப்பால சொல்றேன், டீச்சரம்மா."

மழை வரவில்லை. மேகம் மட்டும் மலைமேல் வந்து உட்கார்ந்து, பொழுதுக்கு முன்பே இருட்டைக் கொண்டுவந்தது. காற்று நின்றது. தெருநாய்கள் ஒன்றன்பின் ஒன்றாக எழுந்து சாலைப் பக்கம் நடந்தன. ஈரச் சாக்கும் தீக்குச்சி மருந்தும் கலந்தாற்போல ஒரு வாசனை ஜன்னல் இடுக்கில் கசிந்தது. கரண்டு போனது. அவள் மெழுகுவர்த்தியைத் தேடிக்கொண்டே, சைக்கிள் மணிக்காகக் காதைத் தீட்டிக்கொண்டு நின்றாள்.

வாசலில் செருப்புச் சத்தம். சரளைக்கல்மேல் நிதானமாக. நின்றது.

"அம்மா." ஆண் குரல். தொண்டையில் சளி கட்டிய குரல். "வூட்ல சார் வந்துட்டாரா?"

கரண்டு ஆபீஸ் ஆளா? பால்காரரா? யாராக இருந்தாலும் தனியாக இருப்பதை மட்டும் காட்டிக்கொள்ளக் கூடாது. ஹாஸ்டல் நாளிலிருந்து வந்த பழக்கம். யோசிக்காமலே வாய் சொல்லிவிட்டது.

"வந்துட்டாருங்க. குளிச்சிட்டிருக்கார்."

கதவுக்கு அப்பால் மூச்சுச் சத்தம். கொஞ்ச நேரம் அங்கேயே. பிறகு செருப்பு நகர்ந்தது. பக்கத்து வீட்டு வாசலில் போய் நின்றது.

"ஆளு வந்தாச்சா?"

பக்கத்து வீட்டில் ஆளே கிடையாது. துருப்பிடித்த பூட்டு.

"வந்தாச்சு" என்றது ஒரு பெண் குரல், பூட்டுக்கு உள்ளேயிருந்து.

அடுத்த வீடு. "வந்தாச்சு." அதற்கடுத்தது. "வந்தாச்சு." லைன் நெடுக, தள்ளித் தள்ளி, களைத்த பெண் குரல்கள்.

முனியம்மா முடிக்காமல் போன கதை யாரும் சொல்லாமலே முடிந்தது. தனியாக இருந்த செல்லியம்மா, கதவுக்கு வெளியே துரை நிற்கும்போது வேறென்ன பதில் சொல்லியிருப்பாள்? அதை நம்பித்தான், அவள் புருஷன் குவாரிக்குள் இருக்கும்போதே திரியைக் கொளுத்தியிருப்பார்கள்.

ரத்தினபாய் தாழைப் பிடுங்கித் திறந்து ஓடினாள்.

"வரல! அவர் இன்னும் வரல!"

தெருவில் யாரும் இல்லை. மேலே, குவாரி விளிம்பில், சைக்கிள் விளக்கு ஒன்று மஞ்சளாக ஆடி ஆடி வந்தது. அவன்தான். அவளுக்குக் கேட்கட்டும் என்று மணியடித்தான். கிணிங், கிணிங்.

"என்னங்க, திரும்பிப் போங்க! தேவா!"

சங்கு ஊதியது.

மலை முழுக்க ஊதியது. ஓய்ந்தது.

வெடிச் சத்தம் இல்லை. காலடியில் மண் மட்டும் ஒரு முறை ஏறி இறங்கியது. வீட்டுக்குள் தம்ளர்கள் உருண்டன.

விளக்கு இல்லை. மணி இல்லை.

வெள்ளைத் தூள் இறங்கியது. பனி போல. அவள் தலையில். இமையில்.

மலையை நோக்கி ஓரடி எடுத்து வைத்தாள். அப்போது, முதுகுக்குப் பின்னால், வீட்டுக்குள்ளிருந்து கேட்டது.

தண்ணீர் மொள்ளும் சத்தம். ஊற்றும் சத்தம். மொள்ளும் சத்தம்.

சுவரைப் பிடித்துக்கொண்டு உள்ளே போனாள். குளியலறைத் தகரக் கதவு, உள்பக்கம் தாழிட்டிருந்தது. அடியிலிருந்து தண்ணீர் வழிந்து அவள் பாதத்தைத் தொட்டது. இருட்டிலும் அரிசி கழுவிய நீர் போல வெள்ளை.

"ரத்தினா."

அவன் குரல். அவனேதான்.

"எவ்வளவு ஊத்தினாலும் போக மாட்டேங்குது, ரத்தினா. துண்டு குடு."

தாழ் விலகியது. இடுக்கு வழியே ஒரு கை நீண்டது.

மின்னல் வெட்டியது. விரலில் அவள் மாட்டிய கல்யாண மோதிரம். அதற்கு மேலே, முழங்கை வரை, பாலிஷ் போட்ட வெள்ளைக் கல். அதில் அவள் முகம் தெரிந்தது.